கோடென்டாக்: அந்த 'ன்' எங்கிருந்து வந்தது?

வடகரை:
நேற்று ஐரோப்பிய ஆயுதங்கள் பகுதியில் கருக்கரிவாள் என்பவர் இப்படி எழுதியிருந்தார்: "கோடென்டாக் என்றால் 'நல்ல நாள்' என்று பொருள் சொல்வது சுற்றுலா வழிகாட்டிகள் கட்டிவிட்ட கதை. டாக் என்றால் குத்துவாள். 'நல்ல குத்துவாள்' என்பதுதான் பெயர். விஷயம் முடிந்தது."

முடியவில்லை ஐயா. படித்ததிலிருந்து எனக்குத் தூக்கம் இல்லை.

தெரியாதவர்களுக்குச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். 1302 ஜூலை 11 அன்று, இன்றைய பெல்ஜியத்தில் இருக்கும் கோர்ட்ரெய்க் ஊருக்கு வெளியே, பிளாண்டர்ஸ் நகரங்களின் நெசவாளர்களும் கசாப்புக்காரர்களும் பிரெஞ்சு மன்னனின் குதிரைப்படையை நொறுக்கினார்கள். படையை நடத்தி வந்த ஆர்த்வா பிரபு ராபர்ட் அங்கேயே செத்தார். அன்று அவர்கள் கையில் இருந்த ஆயுதங்களில் ஒன்று, தலைப்பக்கம் இரும்புக் கூர் வைத்த ஒரு பருத்த தடி. அதைத்தான் கோடென்டாக் என்கிறோம். இன்றைய டச்சு உச்சரிப்பில் ஹூடன்டாக்.

இப்போது பெயருக்கு வருகிறேன். நம் மொழியில் 'நல்ல' என்ற சொல் மாறாது. நல்ல நாள், நல்ல கத்தி, நல்ல பெண், எல்லாவற்றுக்கும் ஒரே 'நல்ல'. பழைய டச்சில் அப்படி இல்லை. பின்னால் வரும் சொல்லின் பாலுக்கும் வேற்றுமைக்கும் ஏற்ப முன்னால் இருக்கும் சொல் மாறும். 'டாக்', அதாவது நாள், ஆண்பால். உனக்கு நல்ல நாளை வேண்டுகிறேன் என்று இரண்டாம் வேற்றுமையில் வாழ்த்தும்போது 'கூடென் டாக்' என்று ன் வரும். குத்துவாளைக் குறிக்கும் 'டாகெ' பெண்பால். அதற்கு முன்னால் 'கூடெ' என்றுதான் வரும், ன் வராது. ஆனால் நமக்குக் கிடைத்த பெயரில் ன் இருக்கிறது. எங்கிருந்து வந்தது? இதற்கு மட்டும் பதில் சொல்லுங்கள்.

கருக்கரிவாள்:
என் பெயரைப் போட்டுத் தனித் திரியே திறந்தாயிற்றா? சரி, பதில் சொல்கிறேன்.

கோடென்டாக் என்று எழுதி வைத்தது யார்? ஒருவர் பிரெஞ்சுக்காரர் கியோம் கியார். இன்னொருவர் பிளாரன்ஸ்காரர் வில்லானி. இரண்டு பேருக்கும் பழைய டச்சு தாய்மொழி இல்லை. காதில் விழுந்ததை எழுதினார்கள். வேற்று மொழிக்காரன் காதில் விழுந்த ஒலியை வைத்துக்கொண்டு ஆண்பால், பெண்பால், இரண்டாம் வேற்றுமை என்று வகுப்பு எடுக்கிறீர்கள்.

பிளெமிஷ், அதாவது பிளாண்டர்ஸ்காரர்களின் பதிவுகளில் அதே ஆயுதத்துக்கு 'கெபிண்டே ஸ்டாஃப்' என்று பெயர். ஆணி பதித்த தடி, அவ்வளவுதான். ஒரு ஊருக்குப் போகும் வெளியூர்க்காரன் முதலில் கற்றுக்கொள்ளும் சொல் எது? வணக்கம். புரியாத பெயர் காதில் விழுந்தால் தெரிந்த சொல்லோடு ஒட்டவைப்பான். 'டாகெ' என்று கேட்டிருப்பார்கள், 'டாக்' என்று ஒட்டவைத்திருப்பார்கள். இது எல்லா மொழியிலும் நடக்கிற காரியம்.

வடகரை:
அப்படியானால் சுற்றுலா வழிகாட்டிகள் கட்டிய கதை என்று நேற்று எழுதியது பொய் என்று ஒப்புக்கொள்ளுங்கள். கியார் 1304இல் பிளாண்டர்ஸ் போரில் நேரில் நின்று காயம்பட்டவர். ஓரிரு ஆண்டில் எழுத உட்கார்ந்தார். "அந்த நாட்டில் இதற்குக் கோடென்டாக் என்று பெயர், பிரெஞ்சில் சொன்னால் போன்ஜூர்" என்ற பொருளில் செய்யுளாகவே எழுதியிருக்கிறார். வில்லானி அந்தக் காலத்தில் வணிக வேலையாகப் பிளாண்டர்ஸின் புரூஜ் நகரில் இருந்தவர். அவரும் 'நல்ல நாள்' என்றே பொருள் சொல்கிறார். 700 ஆண்டுக்கு முன்னால் அந்த மண்ணை மிதித்த இரண்டு பேர் ஒரே பொருளைச் சொல்கிறார்கள். உங்கள் குத்துவாளைச் சொன்ன ஒருவரையாவது அந்தக் காலத்திலிருந்து காட்டுங்கள்.

இன்னும் அந்த 'ன்' பற்றி நீங்கள் ஒரு வரிகூட எழுதவில்லை. காதில் தவறாக விழுந்தது என்றால், இரண்டு வேறு நாட்டுக்காரர் காதிலும் இல்லாத 'ன்' ஒரே மாதிரி எப்படி விழுந்தது?

பட்டறைக்காரன்:
இரண்டு பேரும் பெயரிலேயே நிற்கிறீர்கள். பொருளைப் பற்றி யாராவது பேசுங்கள். ஆக்ஸ்போர்டு நியூ காலேஜில் ஒரு ஓக் மரப்பெட்டி இருக்கிறது. அதன் முன்பலகையில் இந்தப் போரைச் செதுக்கியிருக்கிறார்கள். படத்தைப் பெரிதாக்கிப் பாருங்கள். அடியில் மெலிந்து தலையில் தடித்த கட்டை. தலை பிளந்துவிடாமல் இருக்க உலக்கைக்குப் போடுவது போல ஒரு இரும்புப் பூண். அதன் நடுவிலிருந்து நேராக எழும்பும் கூராணி. ஆள் உயரத்துக்கும் குறைவுதான்.

கூராணியை மரத்துக்குள் எவ்வளவு ஆழம் இறக்கியிருப்பார்கள் என்பதுதான் எனக்குச் சந்தேகம். மேலிருந்து ஓங்கி அடித்தால் பூண் தாங்கும். குத்தி இழுக்கும்போது ஆணி கழன்று வராமல் இருக்க உள்ளே நீளமான வால் வேண்டும். யாருக்காவது தெரியுமா?

கருக்கரிவாள்:
பார்த்தீர்களா? தடியின் தலையில் நேராக எழும்பும் கூர். அதைப் பார்த்தவன் குத்துவாள் என்று சொல்வானா, காலை வணக்கம் என்று சொல்வானா? நன்றி பட்டறைக்காரரே.

பட்டறைக்காரன்:
நான் உங்களுக்கு ஆதரவாக எழுதவில்லை. அது குத்துவாள் மாதிரி தட்டையாக இல்லை. ஆணி.

வடகரை:
ஆணியாகவே இருக்கட்டும், கடப்பாரையாகவே இருக்கட்டும். 'ன்' எங்கே?

ஆயுதத்துக்கு விளையாட்டாகப் பெயர் வைப்பது ஐரோப்பாவில் புதிதில்லை. முள் பதித்த கதாயுதத்துக்கு ஜெர்மன்காரர்கள் 'மோர்கன்ஸ்டெர்ன்' என்று பெயர் வைத்தார்கள், அதாவது விடிவெள்ளி. அதே வகை ஆயுதத்தை ஆங்கிலத்தில் 'புனித நீர் தெளிப்பான்' என்றார்கள். விழுந்து கிடக்கும் வீரனின் கவச இடுக்கில் செருகிக் கதையை முடிக்கும் குறுவாளுக்கு 'மிசெரிகோர்ட்', இரக்கம். இவ்வளவு பெயர் வைத்தவர்கள் மண்டையில் இறங்கும் தடிக்கு வணக்கம் என்று பெயர் வைக்க மாட்டார்களா?

கருக்கரிவாள்:
வைக்கலாம் என்பதற்கும் வைத்தார்கள் என்பதற்கும் வித்தியாசம் உண்டு. பக்கத்து வீட்டுக்காரன் திருடலாம் என்பதால் அவனைப் பிடித்து உள்ளே போட முடியுமா?

இலக்கணப்பித்தன்:
குறுக்கிடுவதற்கு மன்னிக்கவும். ஒரு 'ன்'னுக்காக இவ்வளவு போராடும் வடகரை ஐயா, தலைப்பிலேயே 'கோடென்டாக்' என்று எழுதியிருக்கிறார். தமிழில் ன் என்ற எழுத்துக்குப் பின்னால் ட வராது. 'ண்ட' என்றுதான் வரும். கோடெண்டாக் என்று திருத்துங்கள். வண்டி, நண்டு என்பதை வன்டி, நன்டு என்று எழுதுவோமா?

வடகரை:
அவை தமிழ்ச் சொற்கள். இது இரண்டு சொல் சேர்ந்த வேற்று மொழிப் பெயர். 'என்' முடிந்து 'டாக்' தொடங்குவது கண்ணுக்குத் தெரிய வேண்டும் என்றே எழுதினேன். 'லண்டன்' என்று எழுதுகிறோமே என்று வந்துவிடாதீர்கள், அங்கே பிரித்துக் காட்ட எதுவும் இல்லை.

இலக்கணப்பித்தன்:
மரபுக்கு விலக்கு வைக்க உங்களுக்கு யார் உரிமை கொடுத்தது? பழைய டச்சு இலக்கணத்துக்குக் கொடுக்கும் மரியாதையில் பாதியைத் தமிழுக்குக் கொடுங்கள்.

கருக்கரிவாள்:
அப்படிக் கேளுங்கள்! தன் மொழியில் 'ன்' எங்கே வரும் என்று தெரியாதவர் அடுத்தவன் மொழியில் 'ன்' ஆராய்ச்சி செய்கிறார்.

வடகரை:
கருக்கரிவாள், கைதட்ட ஒரு ஆள் கிடைத்ததும் எங்கே ஓடுகிறீர்கள் பாருங்கள். போன வருடம் ஹால்பர்ட் திரியிலும் இதையேதான் செய்தீர்கள். "ஹெல்ம் என்றால் தலைக்கவசம், ஆகவே தலைக்கவசத்தைப் பிளக்கும் கோடாரி" என்று அடித்துச் சொன்னீர்கள். 'ஹெல்ம்பார்ட்டெ' என்ற இடைக்கால ஜெர்மன் சொல்லில் ஹெல்ம் என்பதற்குக் கைப்பிடி, காம்பு என்றும் பொருள் உண்டு, பார்ட்டெ என்றால் கோடாரி, காம்பு வைத்த கோடாரி என்பதே பொருந்தும் என்று நான் காட்டினேன். மறுநாள் காலையில் உங்கள் பதிவைக் காணவில்லை. அழித்துவிட்டீர்கள். நான் மறக்கவில்லை.

கருக்கரிவாள்:
அதை நான் அழிக்கவில்லை, பகுதி மாற்றும்போது போய்விட்டது. இதை அப்போதே சொன்னேன். தலைக்கவசம் என்று பொருள் சொன்ன அறிஞர்களும் இருந்திருக்கிறார்கள், நான் கனவு கண்டு எழுதவில்லை. ஒரு வருடமாக நெஞ்சில் வைத்துக்கொண்டு இருக்கிறீர்களா?

தென்மலை:
நான் புதிது, தவறு இருந்தால் சொல்லுங்கள். புரூஜ் நகரில் பிரெஞ்சுக்காரர்களை இரவில் எழுப்பி 'கூடென்டாக்' சொல்லச் சொன்னார்களாம், சரியாகச் சொல்லத் தெரியாதவர்களைக் கொன்றார்களாம். அதிலிருந்துதான் ஆயுதத்துக்குப் பெயர் வந்தது என்று படித்தேன்.

வடகரை:
இப்படி எழுதுவதால்தான் உண்மையான பொருளைச் சொல்கிறவர்களுக்கும் கதை கட்டுகிறவர்கள் என்று பெயர் வருகிறது. தம்பி, அது வேறு சம்பவம். 1302 மே 18 விடியற்காலையில் புரூஜில் நடந்தது. அங்கே சொல்லச் சொன்னதாக வழங்கும் சொல் 'ஸ்கில்ட் என் வ்ரீண்ட்', கேடயமும் நண்பனும். 'கில்டுகளின் (கைவினைஞர் சங்கங்களின்) நண்பன்' என்பதே திரிந்தது என்றும் சொல்வார்கள். தொடக்கத்து ஒலி பிரெஞ்சு நாக்குக்குப் பிடிபடாது, அதனால்தான் அந்தச் சொல். ஆயுதத்தின் பெயருக்கும் இதற்கும் சம்பந்தம் இல்லை.

தென்மலை:
நன்றி ஐயா. அப்படியென்றால் அந்தத் தடியால்தான் போரில் வென்றார்களா?

பட்டறைக்காரன்:
தடி மட்டும் இல்லை தம்பி. நீளமான ஈட்டிக்காரர்கள் ஈட்டியின் அடியைத் தரையில் ஊன்றி நிற்பார்கள். அவர்களோடு கலந்து தடிக்காரர்கள் நிற்பார்கள். ஈட்டி குதிரையை நிறுத்தும், தடி குதிரையையும் மேலே இருப்பவனையும் அடித்துக் கீழே கொண்டுவரும். முதல் அடி தவறினாலும் தெரிந்தவன் கையில் இருந்தால் அப்படியே முன்முனையால் வயிற்றில் குத்தலாம் என்று அந்தக் கியாரே எழுதியிருக்கிறார். அடிக்கவும் குத்தவும் ஒரே கருவி. இதை மலிவாகச் செய்யலாம், ஊர்க் கொல்லனே செய்துவிடுவான். எனக்கு இதுதான் அழகாகத் தெரிகிறது.

கருக்கரிவாள்:
போரில் வென்றது ஓடைகளும் சதுப்பு நிலமும். குதிரைகள் ஓடையைத் தாண்டி வேகம் பிடிக்க இடம் இல்லை. ஆயுதத்தைத் தெய்வமாக்க வேண்டாம்.

பட்டறைக்காரன்:
நிலம் யாரையும் குத்தாது. நிலத்தைத் தேர்ந்தெடுத்து அங்கே நின்றவர்கள் ஓடாமல் நின்றார்கள். தறியை விட்டு வந்த மனிதர்கள், பாய்ந்து வரும் குதிரைக்கு எதிரில் வரிசை கலையாமல் நின்றதை ஓடைக்குத் தாரை வார்க்காதீர்கள். செத்த பிரெஞ்சு வீரர்கள் குதிகாலில் மாட்டியிருந்த தங்கக் குதிமுள் ஐந்நூறு ஜோடி போலப் பொறுக்கிக் கோர்ட்ரெய்க் மாதா கோயிலில் தொங்கவிட்டார்கள். 1382இல் பிரெஞ்சுக்காரர்கள் வந்து அதைத் திரும்ப எடுத்துப் போனார்கள். எண்பது வருடம் அந்த அவமானம் அவர்களை உறுத்தியிருக்கிறது. ஓடையிடம் தோற்றவர்களுக்கு அப்படி உறுத்துமா?

கருக்கரிவாள்:
உணர்ச்சி நன்றாக இருக்கிறது. வரலாறு வேறு.

வடகரை:
திரி எங்கேயோ போகிறது. ஓடை, குதிமுள் எல்லாவற்றுக்கும் தனித் திரி போடுங்கள், நானும் வருகிறேன். இங்கே கேள்வி ஒன்றுதான். நான்காவது முறையாகக் கேட்கிறேன். 'நல்ல குத்துவாள்' என்றால் 'கூடெ டாகெ'. அதில் ன் இல்லை. கியாரிடம் ன் இருக்கிறது. வில்லானியிடம் ன் இருக்கிறது. அது எங்கிருந்து வந்தது?

கருக்கரிவாள்:
நானும் நான்காவது முறையாகச் சொல்கிறேன். அயலார் காது. எழுதப்படிக்கத் தெரிந்த ஒரு பிரெஞ்சுக்காரர் வணக்கம் என்று தவறாக எழுதினார். அந்தக் கதை படை முழுவதும் பரவியிருக்கும். வில்லானி அந்த ஊரில்தான் இருந்தார் என்று நீங்களே சொன்னீர்கள், பரவிய கதை அவர் காதிலும் விழுந்திருக்கும். இரண்டு சாட்சி இல்லை, ஒரே வதந்தியின் இரண்டு பிரதி. ஏழெட்டு வருடமாக இந்த ஆயுதங்களைப் பற்றிப் படிக்கிறேன், இலக்கண வாய்பாட்டை வைத்து என்னை மிரட்ட முடியாது.

வடகரை:
"பரவியிருக்கும்", "விழுந்திருக்கும்". எல்லாம் இருக்கும், இருக்கும். எழுத்தில் இருக்கும் ஒரே ஒரு 'ன்' மட்டும் உங்கள் கண்ணுக்கு இருக்காது. புரூஜில் வணிகம் செய்து அந்த ஊர்க்காரனோடு பேரம் பேசியவருக்கு ஊர்க்காரன் சொல்லும் வணக்கம் தெரியாதா? குத்துவாள் தெரியாதா?

இலக்கணப்பித்தன்:
தலைப்பு இன்னும் திருத்தப்படவில்லை.

வடகரை:
திருத்த மாட்டேன்.

பட்டறைக்காரன்:
கூராணியின் வால் எவ்வளவு நீளம் இருக்கும் என்று கேட்டிருந்தேன். ஒருவரும் பதில் சொல்லவில்லை. நான் ஒரு தடிக்கு அடிக்கிறேன், முக்கால் அடி உள்ளே விட்டுப் பார்க்கப் போகிறேன்.

கருக்கரிவாள்:
செய்யுங்கள் பட்டறைக்காரரே, படம் போடுங்கள். தலைப்பில் மட்டும் 'நல்ல குத்துவாள்' என்று எழுதிவிடுங்கள்.

வடகரை:
எழுதுங்கள், எழுதும்போது எந்த எழுத்தில் 'கூடெ' முடிகிறது என்று அவரிடம் கேட்டுக்கொண்டு எழுதுங்கள்.