லிஷ்காவைப் பற்றி ஏன் யாரும் பேசுவதில்லை?

ரீல்பெட்டி: செக்கோஸ்லோவாக்கிய புதிய அலை என்ற அறுபதுகளின் சினிமா இயக்கத்தைச் சொன்னதும் இயக்குநர்கள் பெயரை மூச்சுவிடாமல் ஒப்பிப்பவர்கள், இசையமைப்பாளர் ஸ்டெனெக் லிஷ்கா என்றால் முழிக்கிறார்கள். ஆஸ்கர் வாங்கிய 'தி ஷாப் ஆன் மெயின் ஸ்ட்ரீட்' (1965), 'மார்கெட்டா லாசரோவா' (1967), 'தி க்ரிமேட்டர்' (1969), மூன்றுக்கும் இசை அவர்தான்.

கறுப்புவெள்ளை: இசையை மட்டும் தனியாகப் பிரித்துக் கொண்டாடுவது எனக்கு ஒப்பவில்லை. 'க்ரிமேட்டர்' படத்தில் பிணம் எரிக்கும் வேலை பார்க்கும் நாயகன், பிணத்துக்குத் தலைவாரிய சீப்பாலேயே தன் தலையையும் வாரிக்கொள்கிறானே, அங்கே குடலைப் பிரட்டுவது நடிகர் ஹ்ருஷின்ஸ்கியின் அந்தச் சாந்தமான முகமும் மிலோட்டாவின் கேமராவும்தான். அப்புறம், 'மேஜர் ஜெமானின் 30 வழக்குகள்' என்று எழுபதுகளில் கம்யூனிஸ்ட் ஆட்சிக்குக் கொடி பிடித்த போலீஸ் தொடர் ஒன்று வந்ததே, அதற்கும் இவர்தானே இசை? அதை மட்டும் ஏன் விட்டுவிட்டீர்கள்?

ரீல்பெட்டி: விடவில்லை, அதுவும் அவருடையதுதான். ஸ்டுடியோ, டிவி எல்லாமே அரசாங்கத்தின் கையில் இருந்த காலம், வேறு யாரிடம் போய் வேலை கேட்பார்? 'க்ரிமேட்டர்' படத்தை 1989 வரை பெட்டியில் பூட்டி வைத்ததும் அதே அரசாங்கம்தான். முகம், கேமரா சரி, ஆனால் ஒருமுறை சத்தத்தை அணைத்துவிட்டு அந்தப் படத்தைப் பாருங்கள், வெறும் பைத்தியக்காரன் ஒருவன்தான் மிஞ்சுவான். வார்த்தையே இல்லாத அந்தப் பெண்குரலும் மெதுவான வால்ட்ஸும் சேர்ந்து, தான் உயிர்களுக்கு விடுதலை தரும் புண்ணியவான் என்று அவன் நினைத்துக்கொண்டிருப்பதை நமக்குள்ளும் இறக்கிவிடுகின்றன. வழக்கமான திகில் வயலினைப் போட்டிருந்தால் நாம் தப்பித்திருப்போம்.

பக்கவாத்தியம்: செக் அனிமேஷன் இயக்குநர் ஷ்வான்க்மாயரின் குறும்படங்களை இரண்டு பேருமே தொடவில்லை. மனித எலும்புகளால் அலங்கரித்த செட்லெட்ஸ் தேவாலயத்தைப் பற்றிய அவருடைய படத்தில் (1970) முதலில் ஒரு வழிகாட்டியின் பேச்சு இருந்தது, அதிகாரிகள் விடவில்லை, அதற்குப் பதிலாகப் பிரெஞ்சுக் கவிஞர் பிரெவேரின் கவிதை ஒன்றை லிஷ்காவின் ஜாஸ் இசையில் பாடவைத்தார்கள். மண்டையோடுகளுக்கு மேல் ஜாஸ்! அதை எப்படி விட்டார்களோ.

கறுப்புவெள்ளை: அது பிரமாதம்தான், மறுக்கவில்லை. 1963-இல் 'இக்காரியே' விண்வெளிப் படத்தில் மின்னணு ஒலியை அவர் கையாண்ட விதமும் நன்றாகவே இருக்கும். ஆனால் கவனிக்கப்படாதவர் என்ற ஒப்பாரி மட்டும் வேண்டாமே. அனிமேஷன் இயக்குநர்களான குவே சகோதரர்கள் 1984-இல் ஷ்வான்க்மாயரைப் பற்றிய படத்தில் லிஷ்காவின் இசையைத்தானே எடுத்துப் போட்டார்கள்?

ரீல்பெட்டி: லிஷ்கா இறந்தது 1983-இல். நீங்கள் காட்டும் கவனிப்பு அதற்கு அடுத்த வருடம் வந்தது, அதுவும் படத்தின் தலைப்பில் ஷ்வான்க்மாயர் பெயரோடு.