அக்ரிலிக்னா எதைச் சொல்றாங்க? தெரிஞ்சவங்க உதவுங்க

வணக்கம், ஸ்கூல் பசங்களுக்காக பிளாஸ்டிக் வகைகள் பத்தி ஒரு சின்ன கையேடு தயார் பண்றேன், அக்ரிலிக் பக்கத்துல வேலை அப்படியே நிக்குது. கண்ணாடி மாதிரி ஷீட்டும் அக்ரிலிக், ஸ்வெட்டர் நூலும் அக்ரிலிக், பெயின்ட்டும் அக்ரிலிக். ஷீட்னா பாலிமெத்தில் மெத்தாக்ரிலேட், 1933ல ஜெர்மனியில பிளெக்ஸிகிளாஸ்னு பேர் பதிவாச்சே அதுதான், பெர்ஸ்பெக்ஸும் அதே பொருள். நூல் வேற, அதுல அக்ரிலோநைட்ரைல்ங்கிற வேதிப்பொருள் எடையில குறைஞ்சது 85 சதவீதம் இருக்கணும், அதுக்குக் கீழ 35 வரைக்கும்னா மோடாக்ரிலிக், அது சுலபமா தீப்பிடிக்காது. பெயின்ட்ல பாலிமர் (நீளச் சங்கிலி மாதிரி மூலக்கூறு இருக்கற பிளாஸ்டிக் பொருள்) சின்னச் சின்ன துகளா தண்ணியில கலந்திருக்கு, தண்ணி ஆவியானதும் துகளெல்லாம் ஒண்ணோட ஒண்ணு ஒட்டி படலமாயிடும், அப்புறம் தண்ணி ஊத்தினாலும் கரையாது (பசங்க கையாலேயே செஞ்சு பாக்கலாம், எனக்கு ரொம்பப் பிடிச்ச பகுதி இது).

ஷீட் வேலை பண்றவங்க சொல்லுங்க, காஸ்ட் (அச்சுல ஊத்தி செஞ்ச ஷீட்), எக்ஸ்ட்ரூடட் (உருக்கி அழுத்தித் தள்ளி செஞ்ச ஷீட்) ரெண்டையும் எப்படி பிரிச்சு கண்டுபிடிக்கிறீங்க? லேசர்ல எழுத்து பொறிச்சா காஸ்ட்ல வெள்ளையா தெரியும், லேசர் இல்லாம சொல்ல வழி இருக்கா? அப்புறம் அக்ரிலேட், மெத்தாக்ரிலேட்னு நெருங்கின ரெண்டு வேதிப்பொருள் வகை இருக்கே, அது ரெண்டையும் அக்ரிலிக்னு ஒரே தலைப்புல போடலாமா, தனித்தனியா விளக்கணுமா? கெமிஸ்ட்ரி படிச்சவங்க கொஞ்சம் பாத்து சொல்லுங்க, தப்பா அச்சாகி பசங்க கைக்குப் போயிடக் கூடாது.