டாசிட்டா டீன் படங்களை நேரில் பார்த்தவர்கள் சொல்லுங்கள்

நானே தொடங்குகிறேன். பெர்லினுக்கு வேலைக்கு வந்த புதிதில், கூட வேலை பார்ப்பவர் ஒருவர் கண்காட்சிக்குக் கூட்டிப்போனார். அங்கேதான் ‘பாலாஸ்ட்’ பார்த்தேன். டீன் படச்சுருளில் படமெடுக்கும் இங்கிலாந்துக் கலைஞர், 2000இல் பெர்லினுக்குக் குடிவந்தவர். 2004இல் எடுத்த இந்தப் படம் பத்தரை நிமிடம்தான். கிழக்கு ஜெர்மனியின் நாடாளுமன்றம் இருந்த குடியரசு மாளிகையைப் பற்றியது, ஆனால் கட்டடத்தை முழுசாகக் காட்டவே மாட்டார். வெண்கல நிறக் கண்ணாடிகள், அவற்றில் மாலை வெயில், பக்கத்துக் கதீட்ரலின் நெளிந்த பிம்பம். விளக்கிச் சொல்லும் குரல் கிடையாது.

அந்த இடத்தின் கதை தெரிந்தால் படம் இன்னும் கனக்கிறது. அங்கிருந்த பழைய அரண்மனையை 1950இல் வெடிவைத்துத் தகர்த்தார்கள். இந்த மாளிகை 1976இல் திறந்தது. உடலுக்குக் கேடான ஆஸ்பெஸ்டாஸ் கட்டடத்தில் இருந்ததால் 1990இல் மூடினார்கள். 2006இல் இடிக்கத் தொடங்கி 2008இல் முடித்தார்கள். இப்போது அரண்மனையின் முகப்பையே திரும்பக் கட்டி ஹும்போல்ட் ஃபோரம் என்ற அருங்காட்சியகம் ஆக்கிவிட்டார்கள். யார் செய்தது சரி என்று டீன் வாதாடவில்லை. போகப்போகிற கண்ணாடியில் ஊர் எப்படித் தெரிகிறது என்று பார்க்கிறார், அவ்வளவுதான். எனக்கு அதுதான் பெரிய நேர்மையாகப் படுகிறது.

என்னோடு வந்தவர் கிழக்கு பெர்லினில் வளர்ந்தவர். சின்ன வயதில் அந்த மாளிகையில் பவுலிங் விளையாடியதை வழியெல்லாம் சொல்லிக்கொண்டு வந்தார். படம் ஓடத் தொடங்கியதும் பேச்சு நின்றுவிட்டது. முடிந்ததும், “இன்னொரு தடவை பார்ப்போமா?” என்றார்.

*

நான் லண்டனில் பார்த்தேன். 2011இல் டேட் மாடர்ன் கலைக்கூடத்தின் டர்பைன் ஹாலில் அவருடைய ‘ஃபிலிம்’. நெட்டுக்குத்தாக நிற்கும் 13 மீட்டர் உயரத் திரை, 35 மி.மீ. சுருள், 11 நிமிடம், ஒலியே இல்லை. சுருளின் ஓரத்துளைகள்கூடத் திரையில் தெரியும். அந்தக் கூடம் பழைய மின் நிலையம், அதன் சுவரே படத்துக்குள்ளும் பின்னணியாக வருகிறது. அந்த வருடம்தான் அவர் நம்பியிருந்த லண்டன் ஃபிலிம் லேப் 16 மி.மீ. சுருளில் பிரிண்ட் போடுவதை நிறுத்தியிருந்தது. அதை நினைத்துக்கொண்டு பார்த்தேன், கண் கலங்கிவிட்டது.

*

முதலில் எழுதியவருக்கு: ‘ஃபெர்ன்சேட்டூர்ம்’ பார்த்தீர்களா? 2001, 44 நிமிடம். பெர்லினின் அலெக்ஸாண்டர்பிளாட்ஸ் சதுக்கத்து டிவி கோபுரத்தின் சுழலும் உணவகம். கேமரா வைத்த இடத்தில் இருக்கும், உணவகம்தான் சுற்றும். கிழக்கு ஜெர்மனி காலத்தில் ஒரு சுற்றுக்கு ஒரு மணி நேரம். நாடு இணைந்த பிறகு அரை மணியாக்கிவிட்டார்கள். படம் பார்த்த அப்புறம் நானும் மேலே போய்க் காபி குடித்தேன். இருட்டியதும் ஜன்னலில் ஊர் மங்கி, சாப்பிடுகிறவர்களின் முகங்கள் தெரியத் தொடங்கின. படத்திலும் அதேதான் நடக்கிறது.

இணையத்தில் துண்டு துண்டாகப் பார்த்துவிட்டு, ஒன்றும் நடக்கவில்லையே என்று தயவுசெய்து ஒதுக்கிவிடாதீர்கள். புரொஜெக்டர் அதே அறையில் ஓட, படச்சுருளில் காட்டவேண்டும் என்பதில் அவர் பிடிவாதமானவர். எங்காவது கண்காட்சி வந்தால் ஆரம்பத்திலிருந்தே போய் உட்காருங்கள்.