புதுப்பிப்பு: 'எழினி' பெயருக்கு என்ன பொருள்?

மகளுக்கு 'எழினி' என்று வைக்க ஆசை, பெயர்ப் பட்டியல்களில் இருக்கும் 'அழகி' என்ற பொருள் சரியா என்று முன்பு கேட்டிருந்தேன். தேடிப் பார்த்தாயிற்று.

எழினி என்றால் திரைச்சீலை. சிலப்பதிகார அரங்கேற்று காதையில் ஒருமுக எழினி, பொருமுக எழினி, கரந்துவரல் எழினி என்று மூன்று வகை மேடைத்திரைகள் வருகின்றன. 'அழகி' எங்கிருந்து வந்தாளோ!

அப்புறம் இன்னொன்று. இது நம்ம தகடூரை (இன்றைய தருமபுரி) ஆண்ட அதியமான்களின் பெயர். புறநானூறு 158 வள்ளல்கள் எழுவரில் ஒருவரை எழினி என்றே சொல்கிறது. அதியமான் நெடுமான் அஞ்சியின் மகன் பொகுட்டெழினியை ஔவையார் பாடியிருக்கிறார். ஆக, அப்போது ஆண் பெயர். அத்தைக்கு அதில் கொஞ்சம் தயக்கம்; மாமாவுக்கோ தருமபுரிப் பெயர் என்பதே போதும். சரி, வைத்துவிட்டோம். பிறப்புச் சான்றிதழில் ஆங்கிலத்தில் 'ழ'வை எப்படி எழுதுவது என்பதில்தான் இப்போது வீட்டில் சண்டை.