காலடிப்பேட்டை நெசவு: பெண்களின் வேலை எந்தப் பதிவில்?

கேள்வி: பெரம்பூருக்கு ஆலை வருவதற்கு (1876) முன் காலடிப்பேட்டை, திருவொற்றியூர்ப் பெண்கள் என்னென்ன வேலை செய்தார்கள்? புனித ஜார்ஜ் கோட்டைப் பதிவுகளில் 'நெசவாளர்' என ஆண் பெயர்தான் வருகிறது.

பதில் 1: பெயரைத் தேடாதீங்க, வேலையைத் தேடுங்க. பஞ்சில் கொட்டை நீக்குவது, ராட்டையில் நூற்பது, தார் (ஊடை நூல் குழல்) சுற்றுவது, பாவுக்கு (தறியின் நீள நூலுக்கு) கஞ்சி போடுவது பெரும்பாலும் பெண்கள் கை. ஒரு தறி ஓடப் பல ராட்டை நூல் வேண்டும். அதனால் நூற்றவர்களில் பலர் நெசவாளர் வீட்டுக்கு வெளியே இருந்தவர்கள். கும்பினி (கிழக்கிந்தியக் கம்பெனி) முன்பணம் கொடுத்தது நெசவாளருக்கு. நூற்றவள் நூலைச் சந்தையில் விற்றுக் காசு வாங்கினாள், அவள் பெயர் கணக்கில் ஏறவே இல்லை. 'நூல் விலை', 'பஞ்சுத் தட்டுப்பாடு' என்ற வரிகளைப் பிடிங்க. பஞ்ச காலத்தில் இவை அதிகம் வரும்.

பதில் 2: செங்கல்பட்டுச் சீமைக்குப் பார்னார்டு என்ற ஆங்கிலேயர் எடுத்த கணக்கு (1767–74) இருக்கிறது. வீடுகள் சாதி, தொழில்வாரியாக எண்ணப்பட்டவை. எண்ணியது வீட்டை, ஆளை அல்ல. 'நெசவாளர் வீடு 1' என்றால் ஒரே உழைப்பாளி என்று கூட்டிவிடக் கூடாது.

பதில் 3: எழும்பூர் ஆவணக் காப்பகத்தில் பசலி ஆண்டு (ஜூலையில் தொடங்கும் வருவாய்த்துறை ஆண்டு) கண்டால், ஆங்கில ஆண்டு அறிய 590 கூட்டுங்க. பசலி 1210 என்றால் 1800 ஜூலையில் தொடங்குவது. ஜனவரி முதல் வரும் தாள்களுக்கு 591. இதில்தான் பலர் தவறுகிறார்கள்.