மறு: police brutality என்பதற்குத் தமிழில் ‘காவல்துறை அத்துமீறல்’ போதுமா?

> 1967இல் அமெரிக்காவின் டெட்ராய்ட் நகரில் நடந்தது பற்றிய கட்டுரையில் ‘காவல்துறை அத்துமீறல்’ என்றே எழுதிவிடலாம். நாளிதழ்கள் அப்படித்தான் எழுதுகின்றன.

வணக்கம் ஐயா. நாளிதழ்கள் எழுதுவதால்தான் எனக்குத் தயக்கம். அத்து என்றால் எல்லை. எல்லைக்குள் நின்றுகொண்டே அடித்தால் என்ன பெயர்? டெட்ராய்ட்டில் ஜூலை 23 விடியற்காலை, 12ஆம் தெருவில் உரிமமற்ற மதுக்கூடம் ஒன்றில் காவலர்கள் சோதனை போட்டார்கள். அவர்களுக்கு அது வழக்கமான வேலை. கறுப்பின மக்கள் ஆண்டுக்கணக்கில் பட்ட ஆத்திரம் அன்று வெடித்து, 43 உயிர்கள் போயின. இதுபோன்ற நிகழ்வுகளை ஆராய அமெரிக்க அரசு அமைத்த கெர்னர் ஆணையம் 1968இல் மக்களின் குறைகளை வரிசைப்படுத்தியபோது, காவல்துறையின் ‘நடைமுறைகளை’ முதல் நிலையில் வைத்தது. அன்றாட நடைமுறையை மீறல் என்று எப்படி எழுதுவது?

என் முன்மொழிவு: காவல் வன்கொடுமை.

> ‘வன்கொடுமை’ 1989ஆம் ஆண்டின் பட்டியல் சாதியினர், பழங்குடியினர் வன்கொடுமைத் தடுப்புச் சட்டத்தோடு ஒட்டிய சொல். சாதியைத்தான் நினைவூட்டும்.

நினைவூட்டட்டும் அம்மா. பிறப்பைப் பார்த்து ஓங்கும் கை என்ற பொருள் அதில் ஊறிக் கிடக்கிறது. நிறம் பார்த்து ஓங்குவதற்கும் அது பொருந்தும். 1992 ஜூனில் அரூர் பக்கம் வாச்சாத்தியில் பழங்குடி மக்கள்மேல் அரசுத் துறையினர் நடத்திய தாக்குதலுக்கு அந்தச் சட்டத்தின் கீழும் வழக்கு நடந்தது. அந்த ஊரில் போய் ‘அத்துமீறல்’ என்று சொல்ல எனக்கு நா எழாது.

> வாச்சாத்தி என்றால் சிக்கல்தான். தருமபுரி நீதிமன்றம் 2011இல் தண்டித்த 215 பேரில் 126 பேர் வனத்துறையினர். ‘சீருடை வன்கொடுமை’ என்றால் அவர்களும் அடங்குவார்கள், டெட்ராய்ட்டில் இறங்கிய தேசியக் காவற்படையும் அடங்கும்.

கிருஷ்ணகிரி நண்பர் நன்றாகவே மடக்குகிறார்! சொல்லும் காதுக்கு இனிமையாக இருக்கிறது. ஆனால் அந்த 215இல் 5 பேர் வருவாய்த்துறையினர். அவர்களுக்கு ஏது சீருடை? குற்றம் செய்தது துணியும் அல்லவே. பெரிய வகைக்கு ‘அரசு வன்கொடுமை’ இருக்கட்டும். அதன் கீழே காவல் வன்கொடுமை, வனத்துறை வன்கொடுமை என்று துறைவாரியாகப் பிரிக்கலாம். இராணுவத்தை எங்கே வைப்பது என்பதைச் சட்டம் படித்தவர்கள் சொல்ல வேண்டும்.

மறுப்பு வராவிட்டால் ஞாயிற்றுக்கிழமை நம் கலைச்சொல் பட்டியலில் ஏற்றிவிடுகிறேன். டெட்ராய்ட்டில் நடந்தது கலவரமா கிளர்ச்சியா என்பதற்குத் தனி இழை தொடங்குங்கள்; இதில் கலந்தால் இரண்டும் முடியாது.