புதுப்பிப்பு: அம்பாசடர் டைமிங் சரியானது

மேடு ஏறும்போது என் பழைய அம்பாசடர் (1489 சிசி பெட்ரோல்) நாக்கிங் ஆகிறது (எஞ்சினுக்குள் தட்டுகிற சத்தம்) என்று முன்பு எழுதியிருந்தேன். பாயிண்ட்டை (பிளக்குகளுக்கு மின்சாரத்தைப் பிரித்துத் தரும் டிஸ்ட்ரிபியூட்டருக்குள் திறந்து மூடும் தொடுமுனை) முதலில் பாருங்கள் என்றவர்களுக்கு நன்றி. பாயிண்ட் இடைவெளி மாறினால் டைமிங்கும் (பிளக்கில் பொறி விழும் நேரம்) நகர்ந்துவிடும், அதனால் முதலில் பாயிண்ட், அப்புறம் டைமிங் என்ற வரிசை ரொம்ப முக்கியம். ஃபீலர் கேஜ் (இடைவெளியை அளக்கும் மெல்லிய தகடு) வைத்து அந்த இடைவெளியை 0.38 மி.மீ.க்குக் கொண்டுவந்தேன்.

அப்புறம் பிளக்குகளைக் கழற்றி, ஹேண்டில் போட்டு, ரோட்டர் (டிஸ்ட்ரிபியூட்டருக்குள் சுற்றும் துண்டு) முதல் சிலிண்டர் வயருக்கு நேராக வரும்வரை சுற்றி, புல்லி குறியை மேனுவலில் சொன்ன இடத்தில் நிறுத்தினேன். 12 வோல்ட் பல்பின் ஒரு வயர் இக்னிஷன் காயிலில் (பொறிக்கான உயர் மின்னழுத்தம் தருவது) டிஸ்ட்ரிபியூட்டர் பக்கத்து முனையில், இன்னொன்று எஞ்சின் பாடியில். இக்னிஷனை ஆன் செய்து, கிளாம்பைத் தளர்த்தி, டிஸ்ட்ரிபியூட்டரை மயிரிழை மயிரிழையாகத் திருப்ப வேண்டும். பல்பு பளிச்சென்று எரிகிற நொடியில்தான் பாயிண்ட் திறக்கிறது. அங்கேயே இறுக்கிவிட்டேன்.

டிஸ்ட்ரிபியூட்டரை ரோட்டர் சுற்றும் திசையிலேயே திருப்பினால் ரிடார்ட் (பொறி தாமதமாக விழும்), எதிர்த்திசையில் அட்வான்ஸ் (முன்னதாக விழும்). எனக்குக் கொஞ்சம் ரிடார்ட் தேவைப்பட்டது. இப்போது அதே மேட்டில் சத்தமே இல்லை, அவ்வளவு சந்தோஷம்!

ஒன்று பாக்கி. எஞ்சினின் உறிஞ்சுவிசையால் டைமிங்கை மாற்றும் வேக்குவம் யூனிட்டின் பைப்பை வாயால் உறிஞ்சினால் பாயிண்ட் தட்டு அசைய வேண்டும், இதில் அசையவில்லை. அதனுள்ளே இருக்கும் டயாஃபிரம் (மெல்லிய சவ்வு) கிழிந்திருக்கும் போல. வேக்குவம் யூனிட்டை மாற்றிவிட்டு மைலேஜ் எப்படி என்று சொல்கிறேன்.